மிளகாயை இனிப்பும் காரமுமாய்ப் பதப்படுத்தி வைக்கும் முறை

தர்மபுரி ஜில்லாவின் அரூர் தாலுகா, 1965ஆம் ஆண்டு அந்த ஜில்லா தனியாகப் பிரிக்கப்படும் வரையில் சேலம் ஜில்லாவைச் சேர்ந்திருந்தது. சித்தேரி மலையும் தீர்த்தமலையும் சூழ்ந்த இப்பிரதேசத்தில் ஆற்றுப் பாசனம் சொற்பம். கிணற்றை நம்பிய குடியானவர்களே பெரும்பாலோர். கரும்பும் மஞ்சளும் மரவள்ளியும் இங்கே முக்கியமான பணப் பயிர்கள். தோட்டங்களில் கத்தரி, தக்காளி முதலிய காய்கறிகளோடு மிளகாயும் பயிராகிறது. சாலையோரங்களிலும் பட்டா நிலங்களிலும் புளிய மரங்கள் நிரம்ப உண்டு.

மிளகாய் பயிரிடுகிறவர்களுக்கு ஏற்படும் கஷ்டம் யாவரும் அறிந்ததே. காய் அரிதாக இருக்கும்போது விலை ஏறி நிற்கிறது. எல்லாத் தோட்டங்களிலும் ஒரே சமயத்தில் காய் முற்றினாலோ, பறிப்புக் கூலிக்கும் வண்டிச் சத்தத்துக்கும் கட்டாத அளவுக்கு விலை இறங்கிவிடுகிறது. பச்சை மிளகாய் இரண்டு மூன்று நாட்களுக்கு மேல் வாடாமல் நிற்பதில்லை. ஆகையால் நல்ல விலை வரும்வரை காத்திருக்கவும் வழியில்லை. செடியிலேயே பழுக்க விட்டு உலர்த்தி வற்றலாக்கலாம் என்றால், உலர்த்தும் நாட்களில் மழை பிடித்துக்கொண்டால் களத்திலேயே பூஞ்சணம் பூத்து, பாதிக்கு மேல் வீணாகிறது.

இந்நஷ்டத்தில் ஒரு பகுதியையாவது தவிர்க்க, வீட்டு ஸ்திரீகளின் கையில் ஒரு பழைய வித்தை இருக்கிறது. புளியும் வெல்லமும் உப்பும் நல்லெண்ணெயும் சேர்த்து மிளகாயைக் காய்ச்சி, இனிப்பும் புளிப்பும் காரமும் ஒருங்கே அமைய ஜாடியில் வைக்கும் ‘புளிமிளகாய்’ என்பதே அது. அதற்கு வேண்டிய சாமான்களுள் மிளகாய், புளி, வெல்லம் ஆகிய மூன்றும் இத்தாலுகாவிலேயே அகப்படுகின்றன. ஆயினும் சில வீடுகளில் இது ஆறு மாதம் கெடாமல் நிற்க, வேறு சில வீடுகளில் மூன்றாம் வாரமே நுரைத்துப் பொங்கிவிடுகிறது. இதைக் கைராசி என்று சொல்லி விட்டுவிடுவது வழக்கம். உண்மையில் இது ராசியன்று, அளவே காரணம். எந்தப் பொருள் மிளகாயைக் காக்கிறது, அது எவ்வளவு இருந்தால் காக்கும் என்பதைத் தெரிந்துகொண்டால் எவர் செய்தாலும் நிற்கும்.

மிளகாயின் பூர்வீகம்

மிளகாய் இந்நாட்டுக்குரிய செடியன்று. அதன் பிறப்பிடம் அமெரிக்கக் கண்டம். பதினாறாம் நூற்றாண்டில் போர்த்துக்கீசியரின் கப்பல் வழியாக இந்தியாவின் மேற்குக் கரைக்கு வந்து, அங்கிருந்து நாடெங்கும் பரவிற்று. அதற்கு முன்னர்த் தமிழ்நாட்டுச் சமையலில் காரத்துக்கு மிளகே முதன்மையாக இருந்தது. மிளகைப் போன்ற காரமுள்ள காய் என்பதால் ‘மிளகாய்’ என்ற பெயரும் ஏற்பட்டது.

மிளகாயின் காரத்துக்குக் காரணமான பொருளுக்குக் காப்சைசின் என்று பெயர். அது விதையில் இருப்பதாகப் பலர் எண்ணுகிறார்கள். விதைகள் ஒட்டிக்கொண்டிருக்கும் வெண்ணிறமான உள்நரம்பிலேயே அது மிகுதியாக உண்டாகிறது. நரம்பைத் தொட்டுக்கொண்டிருப்பதால்தான் விதையும் காரமாகத் தோன்றுகிறது. ஆகவே காரத்தைக் குறைக்க விரும்புகிறவர்கள் விதையை மட்டும் உதறினால் போதாது; உள்நரம்பையும் சீவி எடுத்துவிட வேண்டும். மேலும், இக்காரம் தண்ணீரில் கரைவதில்லை. எண்ணெயிலும் கொழுப்பிலும் கரைகிறது. எண்ணெயில் வதக்கிய மிளகாயின் காரம் பண்டம் முழுவதும் ஒரே சீராகப் பரவுவதற்கும், வாயெரிச்சலுக்குத் தண்ணீரைவிடத் தயிரும் மோரும் நல்ல பரிகாரமாய் இருப்பதற்கும் இது துணைக்காரணம்.

மிளகாய் வெறும் காரப் பொருள் மாத்திரமன்று. வைட்டமின் ‘சி’ என்னும் ஜீவசத்து அதில் மிகுதி. ஹங்கேரி தேசத்து ஸெகெத் நகரில் ஆராய்ச்சி செய்த ஆல்பெர்ட் ஸென்ட்-க்யோர்கி என்னும் விஞ்ஞானி, இந்த ஜீவசத்தைப் பெருமளவில் பிரித்தெடுக்க அந்த ஊரில் விளைந்த மிளகாயையே உபயோகித்தார். அவருக்கு 1937ஆம் ஆண்டு நோபல் பரிசு அளிக்கப்பட்டது. காய்ச்சும்போது இச்சத்தில் ஒரு பகுதி அழிந்துபோகும். ஆகையால் அளவுக்கு மிஞ்சிக் காய்ச்சாதிருப்பது நல்லது.

பண்டம் கெடுவதற்குக் காரணம்

சமைத்த பண்டமும் அறுத்த காயும் கெடுவது, கண்ணுக்குத் தெரியாத நுண்கிருமிகளின் செய்கையாலேயே. பாக்டீரியா, காளான் இனத்தைச் சேர்ந்த பூஞ்சணம், நுரைக்கச் செய்யும் ஈஸ்ட் என இவை மூவகைப்படும். பயிருக்கு நீரும் வெப்பமும் வேண்டியிருப்பதுபோல இவற்றுக்கும் வேண்டியிருக்கின்றன. நீரைக் கட்டுப்படுத்திவிட்டால், அல்லது அவற்றுக்கு ஒவ்வாத புளிப்பை உண்டாக்கிவிட்டால், இவை பெருக மாட்டா. ஊறுகாய் போடும் எல்லா முறைகளும் இந்த ஒரே தத்துவத்தின்மீது ஏற்பட்டவை.

மோர்மிளகாயை எடுத்துக்கொள்ளலாம். உப்பிட்ட புளித்த மோரில் மிளகாயை இரவில் ஊறவிட்டுப் பகலில் வெயிலில் உலர்த்தி, மோர் வற்றும்வரை இப்படியே செய்கிறார்கள். மோரின் புளிப்பும் உப்பும் முதலில் காக்கின்றன. கடைசியில் நீர் அடியோடு வற்றிவிடுவதால் ஒரு வருஷமும் கெடாமல் நிற்கிறது. புளிமிளகாயோ உலர்ந்த பண்டமன்று. அதில் நீர் இருந்துகொண்டே இருக்கும். ஆகவே அந்த நீரைக் கிருமிகளுக்கு உதவாதபடி கட்டிப்போட வேண்டும். அந்த வேலையை நான்கு பொருள்கள் பங்கிட்டுக்கொள்கின்றன.

முதலாவது, உப்பு. அது காயிலுள்ள நீரை வெளியே இழுத்துத் தன்னோடு பிணைத்துக்கொள்கிறது. இரண்டாவது, வெல்லம். உப்பைப் போலவே அதுவும் நீரைப் பிணைக்கிறது. ஆனால் உப்பைக் காட்டிலும் அதிக அளவு வேண்டும். கொஞ்சமாகச் சேர்த்த வெல்லம் காப்பதற்குப் பதிலாக ஈஸ்டுக்கு உணவாகிவிடும். மூன்றாவது, புளி. புளியின் சதைப்பற்றில் டார்டாரிக் அமிலம் என்னும் புளிப்புச் சத்து மிகுதியாக இருக்கிறது. நான்காவது, நல்லெண்ணெய். அது மேலே நின்று காற்றைத் தடுக்கிறது. பூஞ்சணத்துக்குக் காற்று வேண்டுமாதலால் மேற்பரப்பில் அது படராது.

இந்நான்கினுள் எண்ணெயே காவலன் என்று பலர் நம்பி, புளியையும் உப்பையும் குறைத்து எண்ணெயை மட்டும் தாராளமாக ஊற்றிவிடுகிறார்கள். இது பெரும் பிழை; சில சமயங்களில் உயிருக்கே அபாயம். காற்றில்லாத இடத்திலேயே பெருகி, கொடிய விஷத்தை உண்டாக்கும் க்ளாஸ்ட்ரிடியம் பாட்யுலினம் என்னும் ஒரு கிருமி உண்டு. மண்ணில் இருக்கும் அதன் வித்துகள் காய்கறிகளோடு வீட்டுக்கு வருகின்றன; கொதிக்கும் நீரின் சூட்டிலும் அவை சாவதில்லை. புளிப்பற்ற காயை எண்ணெயில் அமிழ்த்தி மூடிவைத்தால், அக்கிருமிக்கு வேண்டிய காற்றில்லாத அறையை எண்ணெயே கட்டிக்கொடுத்ததாகும். அந்த விஷம் உண்டான பண்டம் நிறத்திலும் மணத்திலும் மாறாதிருக்கவும் கூடும். ஆனால் புளிப்பு மிகுந்த இடத்தில் அக்கிருமி வளருவதில்லை. புளிப்பை அளக்கும் பி.எச். என்னும் கணக்கில் எண் குறையக் குறையப் புளிப்பு அதிகம். அந்த எண் 4.6க்கு மேற்படாத பண்டத்தில் இந்தக் கிருமி தலையெடுக்காது. பச்சை மிளகாய் தானாக அவ்வளவு புளிப்புள்ளதன்று. புளியோ அதைவிட மிகவும் புளிப்பானது. ஆகையால் புளிமிளகாயில் புளி ருசிக்காக மாத்திரம் சேர்க்கப்படுவதன்று, அதுவே முதற்காவல்.

வேண்டிய சாமான்கள்

காம்பு நீக்காத பச்சை மிளகாய் 1 கிலோ. கொட்டையும் நாரும் நீக்கிய புளி 400 கிராம். வெல்லம் 400 கிராம். உப்பு 150 கிராம். நல்லெண்ணெய் 300 மில்லிலிட்டர். கடுகு 20 கிராம். வெந்தயம் 15 கிராம். மஞ்சள் தூள் 10 கிராம். பெருங்காயம் 5 கிராம். இவ்வளவும் சேர்ந்து காய்ச்சி இறக்கும்போது ஏறத்தாழ 2 கிலோ பண்டம் கிடைக்கும்.

மிளகாய் சதைப்பற்றுள்ளதாயும், தோல் மினுமினுப்பாயும், ஒடித்தால் ‘படக்’கென்று ஒடிவதாயும் இருக்க வேண்டும். காரம் மிகுதியாக வேண்டாதவர்கள் பஜ்ஜி மிளகாய் போன்ற பருத்த வகையை உபயோகிக்கலாம். செடியில் பழுத்துச் சிவந்த, ஆனால் உலராத மிளகாயும் ஏற்றது. பழுத்த காயில் இயல்பாகவே சிறிது இனிப்பு உண்டு. வாடியது, புழு துளைத்தது, காம்படியில் கறுத்தது ஆகியவற்றைத் தள்ளிவிட வேண்டும். ஒரு கூடைக் காயில் பத்து அழுகல் காய் கலந்தாலும் கிருமிகளின் தொகை பன்மடங்காகும்.

புளி, மாசி பங்குனியில் உலுக்கிக் கொட்டை நீக்கிய புதுப் புளியானால் நிறம் நன்றாக இருக்கும். பழம் புளியால் பண்டம் கறுத்துத் தோன்றும், குணத்தில் குறைவில்லை. வெல்லத்தில் மண்ணும் சக்கையும் இருப்பது சகஜமாதலால் அதைச் சிறிது நீரில் கரைத்து வடிகட்டிக் கொள்ள வேண்டும். பளபளப்பான மஞ்சள் நிற வெல்லத்தைத் தேடி வாங்குவது அவசியமன்று; நிறம் வெளுப்பதற்காக ரசாயனத் தூள் சேர்ப்பவர்கள் உண்டாகையால் பழுப்பு நிற வெல்லமே உத்தமம். கல்லுப்பை வெறும் வாணலியில் வறுத்து, ஈரம் போக்கிப் பொடித்துக்கொள்ள வேண்டும்.

செய்முறை

மிளகாயைக் காம்போடு நல்ல நீரில் இரண்டு மூன்று தடவை அலசித் துணியில் பரப்பி, நிழலில் நீர் சுவறும்வரை விட வேண்டும். காம்பைக் கிள்ளிய பிறகு கழுவினால் கிள்ளிய வாயின் வழியே நீர் உள்ளே புகுந்துவிடும். அது பின்னால் பண்டத்தைக் கெடுக்கும். ஈரம் போன பிறகு காம்பைக் கிள்ளி, ஒவ்வொரு காயையும் நீளவாட்டில் கீற வேண்டும், அல்லது விரற்கடை நீளத் துண்டுகளாக நறுக்க வேண்டும். முழு மிளகாயைக் கீறாமல் போடுவது கூடாது. காயின் வயிற்றிலுள்ள வெற்றிடத்துக்குள் புளிப்பும் உப்பும் சென்று சேராவிட்டால், வெளியே எவ்வளவு புளி இருந்தும் உள்ளே காவல் இல்லை.

மிளகாய் நறுக்குமுன் கைகளில் நல்லெண்ணெயாவது தேங்காயெண்ணெயாவது தடவிக்கொண்டால் எரிச்சல் குறையும். வேலை முடிந்ததும் எண்ணெய் தேய்த்துப் பின் சோப்பினால் கழுவ வேண்டும். வெறும் தண்ணீரினால் காரம் போகாது. கண்ணைத் தொடலாகாது, கைக்குழந்தையுள்ள தாய்மார் இந்த வேலையில் மிகவும் ஜாக்கிரதையாக இருக்க வேண்டும்.

புளியை 700 மில்லிலிட்டர் வெந்நீரில் அரைமணி நேரம் ஊறவைத்துப் பிசைந்து, கெட்டியாகக் கரைத்து வடிகட்டிக் கொள்ள வேண்டும். கடுகில் பாதியையும் வெந்தயம் முழுவதையும் எண்ணெயின்றி வறுத்துப் பொடித்துத் தனியே வைத்துக்கொள்ள வேண்டும்.

அகன்ற கனமான பாத்திரத்தில் நல்லெண்ணெயில் முக்கால் பங்கை விட்டுக் காய்ந்ததும் மீதிக் கடுகைப் போட்டு, வெடித்தவுடன் பெருங்காயத்தையும் மிளகாயையும் சேர்த்து, மிளகாயின் பச்சை நிறம் மங்கித் தோல் வெளுக்கும்வரை மிதமான தீயில் வதக்க வேண்டும். நெடி கிளம்புமாதலால் ஜன்னல்களைத் திறந்துவைப்பது நலம். தாழ்வாரத்தில் அடுப்பு மூட்டுவது அதனினும் நலம். பிறகு புளிக்கரைசல், மஞ்சள் தூள், உப்பு மூன்றையும் சேர்த்துக் கொதிக்க விட வேண்டும். பச்சைப் புளி வாடை நீங்கி, குழம்பு பாதியாகச் சுண்டுவதற்கு அரைமணி நேரம் ஆகும்.

மிளகாய் நன்றாக வெந்த பின்னரே வெல்லப் பாகைச் சேர்க்க வேண்டும். முதலிலேயே சேர்த்தால் காய் மெத்தென்று வேகாமல் விறைத்து நிற்கும்; அடியும் பிடித்துக் கசந்துபோகும். வெல்லம் சேர்த்தபின் தீயைக் குறைத்து, அடிக்கடி துழாவிக்கொண்டே இருக்க வேண்டும். எண்ணெய் ஓரங்களில் பிரிந்து மிதக்கும்போது, வறுத்த பொடியைத் தூவிக் கலந்து இறக்கலாம்.

பக்குவம் அறிதல்

பக்குவம் வந்ததா என்பதை அறிய ஒரு சுலபமான சோதனை உண்டு. உலர்ந்த தட்டில் ஒரு கரண்டி விழுதை விட்டு ஆறவைத்து, விரலால் நடுவே ஒரு கோடு இழுத்துப் பார்க்க வேண்டும். கோடு கூடாமல் நின்று, விழுதைச் சுற்றி நீர் கசிந்து பரவாதிருந்தால் பக்குவம் சரி. ஓரத்தில் நீர் வளையம் தோன்றினால் இன்னும் சில நிமிஷம் காய்ச்ச வேண்டும். இதற்கு மேலும் காய்ச்சிக்கொண்டே போனால் வெல்லம் பாகுப் பதத்தைக் கடந்து, ஆறியதும் கல்போல் இறுகிவிடும்.

பாத்திரமும் பாட்டிலும்

புளிப்புள்ள பண்டத்தை ஈயம் பூசாத பித்தளையிலும் செம்பிலும் காய்ச்சினால் களிம்பு ஏறும். அலுமினியத்தையும் புளிப்பு அரிக்கும். எவர்சில்வர் பாத்திரம், கற்சட்டி, மண்சட்டி ஆகியவை ஏற்றவை.

எடுத்துவைப்பதற்குக் கண்ணாடிப் பாட்டிலோ பீங்கான் ஜாடியோ உகந்தது. பாட்டில்களைச் சோப்பு நீரில் கழுவி, ஒரு பாத்திரத்தில் நீருக்குள் அமிழ்த்திப் பத்து நிமிஷம் கொதிக்கவைத்து, கவிழ்த்து வைத்து ஈரம் அடியோடு போக உலர்த்த வேண்டும். கொதித்த பாட்டிலைத் துணியால் துடைப்பது தகாது; துணியிலுள்ள கிருமிகள் மறுபடி உள்ளே செல்லும். பண்டம் சூடாக இருக்கும்போதே, சூடான பாட்டிலில் கழுத்துக்கு ஒரு விரற்கடை கீழே வரை நிரப்பி, காற்றுக் குமிழிகள் நிற்காதபடி சுத்தமான கரண்டிக் காம்பினால் இடித்து, மீதி எண்ணெயைக் காய்ச்சி மேலே விட்டு மூடிவிட வேண்டும். குளிர்ந்த பாட்டிலில் சூடான பண்டத்தை விட்டால் கண்ணாடி வெடித்துவிடும்.

பெரிய ஜாடி ஒன்றைக் காட்டிலும் சிறிய பாட்டில்கள் பல இருப்பது மேல். ஜாடியை ஒவ்வொரு நாளும் திறக்கிறார்கள். ஒருநாள் ஈரக் கரண்டி பட்டாலும் முழுவதும் கெடுகிறது. சிறிய பாட்டிலில் ஒன்று கெட்டால் மற்றவை பிழைக்கும். ஒரு வாரம் சென்ற பிறகே உண்ணத் தொடங்கினால் புளிப்பும் இனிப்பும் காய்க்குள் நன்றாக இறங்கியிருக்கும். தயிர்ச்சோற்றுக்கும் களிக்கும் கம்பஞ்சோற்றுக்கும் இது ஏற்ற தொடுகறி.

காடியில் போடும் முறை

மேல்நாட்டாரும் மிளகாயை இனிப்பும் காரமுமாகப் பதப்படுத்துகிறார்கள். அமெரிக்காவில் மிளகாயை வட்டவட்டமாக நறுக்கிச் சர்க்கரைப் பாகிலும் காடியிலும் காய்ச்சிப் பாட்டிலில் அடைப்பது பல வீடுகளில் வழக்கம். அங்கே புளி செய்யும் வேலையைக் காடி, அதாவது வினிகர், செய்கிறது. புளி கிடைக்காத காலத்திலும், நிறம் மாறாமல் வேண்டுமென்பவர்களும் இம்முறையைக் கையாளலாம்.

நறுக்கிய மிளகாய் 1 கிலோவுக்குக் காடி 700 மில்லிலிட்டர், சர்க்கரை 700 கிராம், உப்பு 30 கிராம் வேண்டும். காடியையும் சர்க்கரையையும் உப்பையும் சேர்த்துக் கொதிக்கவிட்டு, மிளகாயைப் போட்டு ஐந்து நிமிஷம் மட்டும் காய்ச்சி, சூட்டோடு பாட்டிலில் நிரப்பி, துண்டுகள் பாகில் மூழ்கியிருக்கும்படி விட்டு மூட வேண்டும். காடியிலுள்ள அஸெடிக் அமிலம் ஆவியாகும் தன்மையுள்ளது; நெடுநேரம் கொதித்தால் புளிப்புப் பறந்துபோகும். கடையில் விற்கும் காடியின் பாட்டிலில் அமில அளவு அச்சிட்டிருக்கும்; நூற்றுக்கு 4 பங்குக்குக் குறைந்ததை வாங்கலாகாது. அதில் தண்ணீர் கலப்பது முற்றிலும் தவறு. எண்ணெயும் உப்பும் குறைவான இவ்வகைப் பண்டத்தைத் திறந்தபின் குளிர்ப்பெட்டியில் வைத்து ஒரு மாதத்துக்குள் உபயோகித்துவிடுவது உசிதம்.

கெட்டதை அறிதலும் செய்யக்கூடியதும்

பாட்டிலில் நுரை கிளம்புதல், மூடி உப்புதல், திறக்கும்போது ‘புஸ்’ஸென்று காற்று வெளிப்படுதல், சாராய வாடை வீசுதல் ஆகியவை ஈஸ்ட் பெருகியதன் அடையாளங்கள். உப்போ வெல்லமோ குறைந்தது, அல்லது ஈரம் பட்டது காரணமாயிருக்கும். மேற்பரப்பில் வெள்ளையாகவோ பச்சையாகவோ கறுப்பாகவோ பூஞ்சணம் படிந்தால், மேலே மாத்திரம் வழித்தெறிந்துவிட்டு அடியிலுள்ளதை உண்பது பழக்கத்தில் இருந்துவருகிறது. அது தகாது. பூஞ்சணத்தின் வேர்கள் கண்ணுக்குத் தெரியாமல் உள்ளே ஓடியிருக்கும். சில பூஞ்சணங்கள் ஈரலைக் கெடுக்கும் விஷத்தை உண்டாக்குகின்றன. சரியாக உலராத வற்றல் மிளகாயில் உண்டாகும் அப்லாடாக்ஸின் என்னும் விஷமும் இத்தகையதே. கெட்டதை மறுபடி காய்ச்சிச் சரிசெய்ய முயலுவதும் வீண். ஒரு பாட்டில் போனதென்று மனம் வருந்தாமல் குழியில் புதைத்துவிடுவதே விவேகம். மாட்டுக்கும் கோழிக்கும் போடலாகாது.

வயிற்றுப்புண் உள்ளவர்களும், இரத்த அழுத்தத்துக்காக உப்பைக் குறைக்கும்படி வைத்தியர் சொல்லியிருப்பவர்களும், நீரிழிவு உள்ளவர்களும் இந்த ஊறுகாயை மிகவும் சொற்பமாகவே உபயோகிக்க வேண்டும். அவர்களுக்காக உப்பையும் வெல்லத்தையும் குறைத்துச் செய்து பாட்டிலில் நெடுநாள் வைப்பது சரியான வழியன்று. குறைத்துச் செய்ததை அவ்வப்போது புதிதாகச் செய்து இரண்டு மூன்று நாட்களில் தீர்த்துவிட வேண்டும்.

சங்கங்கள் செய்யக்கூடிய உதவி

வீட்டுக்கு வேண்டிய அளவு செய்துகொள்வதோடு நில்லாமல், விற்பனைக்கும் செய்ய விரும்புகிறவர்கள் பலர் இருப்பார்கள். தனியாக ஒரு வீடு செய்தால் பாட்டில் வாங்குவதிலும் விற்பதிலும் கஷ்டம் உண்டு. வாரத்துக்கு ஒரு ருசியாகவும் இருந்துவிடும். இங்கேதான் கூட்டுறவின் அனுகூலம் விளங்குகிறது. 1904ஆம் ஆண்டின் ஐக்கிய நாணய சங்கச் சட்டத்துக்குப் பிறகு இம்மாகாணத்தில் சங்கங்கள் முதலில் கடன் கொடுக்கவே ஏற்பட்டன. பின்னர் விளைபொருளைச் சேர்த்து விற்கவும் முன்வந்தன. அரூர் வட்டாரத்தில் பருத்தியும் மஞ்சளும் கூட்டுறவு விற்பனைச் சங்கத்தின் மூலம் ஏலத்தில் விற்கப்பட்டு வந்திருக்கின்றன. கோபாலபுரத்தில் உள்ள சுப்பிரமணிய சிவா கூட்டுறவுச் சர்க்கரை ஆலை, கரும்பு பயிரிடுகிறவர்களே அங்கத்தினராய்ச் சேர்ந்த ஸ்தாபனம். ஆகவே சேர்ந்து விற்பது இவ்வூராருக்குப் புதிதன்று.

ஸ்திரீகள் சேர்ந்து நடத்தும் சுய உதவிக் குழுக்களுக்கும் இந்த ஜில்லாவே முன்னோடி. சர்வதேச விவசாய அபிவிருத்தி நிதியத்தின் உதவியோடு தமிழ்நாடு அரசு தொடங்கிய மகளிர் அபிவிருத்தித் திட்டம், 1989ஆம் ஆண்டு முதன்முதலாகத் தர்மபுரி ஜில்லாவிலேயே ஆரம்பிக்கப்பட்டது. அங்கே வேரூன்றிய பிறகே மற்ற ஜில்லாக்களுக்குப் பரவிற்று.

வீட்டுப் பண்டம் பெரும் வியாபாரமாக வளரக்கூடும் என்பதற்குப் பம்பாயில் ஏற்பட்ட லிஜ்ஜத் அப்பள ஸ்தாபனம் நல்ல உதாரணம். 1959ஆம் ஆண்டில் ஏழு ஸ்திரீகள் 80 ரூபாய் கடன் வாங்கி அதைத் தொடங்கினார்கள். பிற்காலத்தில் ஆயிரக்கணக்கான ஸ்திரீகள் அதில் அங்கத்தினர்களானார்கள். அதன் வெற்றிக்குரிய ஏற்பாடு மிக எளியது. மாவு ஓரிடத்தில், ஒரே அளவில் பிசையப்படுகிறது. அங்கத்தினர்கள் அதை வீட்டுக்கு எடுத்துச் சென்று அப்பளமாக இட்டுக் கொண்டுவருகிறார்கள். எடையும் தரமும் பரிசோதித்த பிறகே கூலி கொடுக்கப்படுகிறது. வேலை பல வீடுகளில் நடந்தாலும் அளவு ஒன்றே.

புளிமிளகாய்க்கும் இவ்வேற்பாடு பொருந்தும். மிளகாயைக் கழுவுவதும் நறுக்குவதும் புளிக்குக் கொட்டை நீக்குவதும் அவரவர் வீட்டில் நடக்கலாம். காய்ச்சுவதும் பாட்டிலில் அடைப்பதும் ஓரிடத்தில், ஒரே தராசின் அளவில் நடக்க வேண்டும். கண்ணளவும் கையளவும் வியாபாரத்துக்கு உதவா. காய்ச்சும் ஒவ்வொரு தடவைக்கும் ஒரு நம்பர் கொடுத்து, தேதி, மிளகாயின் எடை, சேர்த்த சாமான்களின் எடை, கிடைத்த பாட்டில்களின் தொகை ஆகியவற்றை நோட்டுப் புத்தகத்தில் எழுதி, ஒவ்வொன்றிலிருந்தும் ஒரு பாட்டிலை விற்காமல் அலமாரியில் நிறுத்திவைக்க வேண்டும். எந்தப் பாட்டிலாவது கெட்டதென்று புகார் வந்தால், காரணத்தைக் கண்டுபிடிக்க அந்த நோட்டும் அந்தப் பாட்டிலுமே சாட்சி.

விலை நிர்ணயிப்பதிலும் கவனம் வேண்டும். மிளகாயின் விலையோடு புளி, வெல்லம், எண்ணெய், உப்பு, விறகு அல்லது காஸ், பாட்டில், மூடி, சீட்டு, வண்டிச் சத்தம், உடைந்ததும் கெட்டதுமான நஷ்டம் ஆகிய யாவற்றையும் கூட்டி, பாட்டில்களின் தொகையால் வகுத்தாலே அசல் தெரியும். வீட்டு ஸ்திரீகளின் உழைப்புக்குக் கூலி போடாமல் கணக்குப் பார்த்து, லாபம் வந்துவிட்டதாக எண்ணுவது தன்னைத்தானே ஏமாற்றிக்கொள்வதாகும். பெரும்பாலும் மிளகாயின் விலையைவிடப் பாட்டிலின் விலையும் எண்ணெயின் விலையுமே மேலோங்கி நிற்கும். பாட்டில்களைச் சங்கம் மொத்தமாக வாங்கிக் கொடுத்தால் இச்செலவு கணிசமாகக் குறையும்.

விற்பனைக்குச் செய்கிறவர்கள் 2006ஆம் ஆண்டின் உணவுப் பாதுகாப்பு மற்றும் தர நிர்ணயச் சட்டத்தின்படி முன்கூட்டியே பதிவு செய்துகொள்ள வேண்டும். பாட்டிலின் சீட்டில் பண்டத்தின் பெயர், சேர்ந்துள்ள சாமான்கள், நிகர எடை, செய்த தேதி, உபயோகிக்கத்தக்க கெடு, செய்தவர் விலாசம், பதிவு எண் ஆகியவை இருத்தல் அவசியம். புளிப்பின் அளவையும் உப்பின் அளவையும் அங்கீகாரம் பெற்ற பரிசோதனைச் சாலை ஒன்றில் முதலில் சோதித்து அறிந்துகொண்டு, பிறகு அந்த அளவை மாற்றாமல் காப்பாற்றி வர வேண்டும்.

முதல் வருஷத்தில் பெருந்தொகையாகச் செய்ய முற்படுவது உசிதமன்று. மிளகாய் மலிந்திருக்கும் வாரத்தில் ஒரு சங்கத்தைச் சேர்ந்த ஐந்தாறு குடும்பங்கள் கூடிப் பத்துக் கிலோ காயில் செய்து, மூன்று மாதம் வைத்திருந்து பார்த்து, அண்டை ஊர்ச் சந்தையில் விற்றுப் பார்க்கட்டும். அவ்வளவில் அளவும் பக்குவமும் கைவந்துவிடும். விலை விழுந்த நாளில் மிளகாய் முழுவதையும் வந்த விலைக்குத் தள்ளிவிடாமல், ஒரு பங்கையாவது பாட்டிலில் நிறுத்திவைக்கும் திறமை குடும்பத்துக்கு இருந்தால், மீதிப் பங்குக்கு வியாபாரியிடம் விலை பேசுவதற்கும் அந்தக் குடும்பத்துக்குச் சிறிது தெம்பு உண்டாகும்.